சத்தம் குடிக்கும் டப்பா

கொஞ்சம் நீளமான பதிவு. சுருக்கமாகச் சொல்ல டீச்சருக்கு வராது என்பது உங்களுக்குத் தெரியாததல்ல. சாப்பிட்டுவிட்டு, சாவகாசமாக உட்கார்ந்து படியுங்கள்.

போன ஆடி மாதம் நம் குடும்ப வாட்ஸப் குழுவில் ஒரு வீடியோ வந்தது. கோட்டு போட்ட ஒருவர் டிபன் பாக்ஸ் அளவில் ஒரு பெட்டியைக் கையில் வைத்துக்கொண்டு பேசினார். வீட்டுக்குள் வரும் கெட்ட எண்ண அலைகள், கெட்ட ஒலி அலைகள் இரண்டையும் அந்தப் பெட்டி ஈர்த்துக்கொள்ளுமாம். ஈர்த்ததைப் பூமிக்குள் இறக்கிவிடுமாம். தூக்கமின்மை, பயம், சண்டை, பிள்ளைகளுக்குப் படிப்பில் நாட்டமின்மை எல்லாமே போய்விடுமாம். விலை 12,500 ரூபாய். ஆடித் தள்ளுபடி வேறு. வீடியோவுக்குக் கீழே நம் ஆட்கள் வரிசையாகக் கைகூப்பும் பொம்மை போட்டிருந்தார்கள். உண்மையைச் சொல்லிவிடுகிறேன், நானும் ஒன்று போட்டேன். முழுதாகப் பார்க்காமலே போட்டேன். காலை வணக்கப் படம் என்று நினைத்துவிட்டேன்.

அந்தப் பொம்மைக்காகத்தான் இந்தப் பதிவு.

நம் சொந்தத்தில் ஒரு வீட்டில் அந்தப் பெட்டியை வாங்கியிருக்கிறார்கள். "பெரியம்மாவே கும்பிட்டிருக்காங்க, சும்மா இருக்குமா" என்று பேசிக்கொண்டார்களாம். எந்த வீடு என்று தெரிந்தவர்கள் தயவுசெய்து கமெண்டில் எழுத வேண்டாம். தெரியாதவர்கள் எனக்கு போன் போட்டுக் கேட்கவும் வேண்டாம். அந்தப் பையனிடமும் அவன் அம்மாவிடமும் கேட்டு, அவர்கள் சரி என்ற பிறகுதான் இதை எழுதுகிறேன்.

பையனுக்கு 22 வயது. நன்றாகப் படித்தவன், வேலைக்குத் தயாராகிக்கொண்டிருந்தவன். சித்திரையில் இருந்தே இரவில் தூங்கவில்லை. பக்கத்து மாடியில் நின்றுகொண்டு தன்னைப் பற்றிப் பேசுகிறார்கள் என்று சொல்ல ஆரம்பித்தான். மாடியில் யாரும் இல்லை. சாப்பாட்டில் எதையோ கலக்கிறார்கள் என்றான். தனியாகச் சிரித்தான். வீட்டில் பயந்துபோய், யாருக்கும் தெரியக் கூடாது என்று மூடி மூடி வைத்தார்கள். அந்த நேரத்தில்தான் அந்த வீடியோ வந்திருக்கிறது. பெட்டியை வாங்கி அவன் தலைமாட்டில் வைத்தார்கள். 48 நாள் கழித்துப் பலன் தெரியும் என்றார்கள். 48 நாள் ஆயிற்று. இன்னொரு 48 என்றார்கள். அதற்குள் பையன், மாடியில் கேட்ட குரல் இப்போது பெட்டிக்குள் இருந்து கேட்கிறது என்று சொல்ல ஆரம்பித்துவிட்டான்.

எனக்கு இது தெரிந்தது பொங்கலுக்குப் போனபோது. ஆடியிலிருந்து தை வரை எண்ணிப் பாருங்கள்.

பெட்டியை நான் வீட்டுக்கு எடுத்து வந்தேன். எங்கள் தெருவில் வயரிங் வேலை செய்கிற தம்பி ஒருவர் இருக்கிறார். அவரை விட்டுத் திறக்கச் சொன்னேன். சுற்றிலும் எம்-சீல் போட்டு அடைத்திருந்தார்கள், உளி வைத்துத் தட்டித்தான் திறக்க முடிந்தது. உள்ளே ஒரு செம்புக் கம்பிச் சுருள், வெள்ளைச் சுண்ணக் கட்டி ஒன்று, மூன்று நான்கு கறுப்புக் கற்கள், இரண்டு பேட்டரி, ஒரு நீல விளக்கு. பேட்டரிக்கும் விளக்குக்கும்தான் கம்பி போயிருந்தது. செம்புச் சுருள் எதோடும் சேராமல் சும்மா கிடந்தது. "டீச்சர், இதுல எரநூறு ரூபா சாமான்கூட இல்ல" என்றார் அந்தத் தம்பி. பில்லில் இருந்த நம்பருக்குக் கூப்பிட்டேன். மணி அடிக்கிறது, எடுக்க ஆள் இல்லை.

இனி வகுப்புக்கு வருவோம். ஒலி பாடம். அஞ்சாம் வகுப்பில் தகர டப்பாவின் வாயில் பலூன் துண்டை இழுத்துக் கட்டி, மேலே நாலு அரிசி போட்டுப் பக்கத்தில் தட்டைத் தட்டுவோமே, ஞாபகம் இருக்கிறதா? அரிசி குதிக்கும். ஒலி என்றால் அதிர்வு என்பதற்கு அதைவிட நல்ல சாட்சி எனக்கு இன்றுவரை கிடைக்கவில்லை.

அதிர்வை உறிஞ்ச முடியுமா? முடியும். அதில் மந்திரம் ஒன்றும் இல்லை. புது வீட்டுக்குப் பால் காய்ச்சும் அன்று காலி அறையில் பேசினால் கணகணவென்று எதிரொலிக்கும். மெத்தை, பாய், துணிமணி, பீரோ எல்லாம் வந்து இறங்கிய பிறகு அந்த எதிரொலி காணாமல் போகும். பஞ்சு, துணி, தேங்காய் நார் மாதிரிப் பொருள்களின் நுண்ணிய ஓட்டைகளுக்குள் காற்று நுழைந்து உரசி உரசி, ஒலியின் ஆற்றல் சூடாக மாறிவிடுகிறது. கையால் தொட்டு உணர முடியாத அளவுச் சூடு. அவ்வளவுதான்.

இதை முறையாக அளந்து பார்த்தவர் ஒரு வாத்தியார் என்பதில் எனக்கு ஒரு தனிப் பெருமை. அமெரிக்காவில் ஹார்வர்டு பல்கலைக்கழகத்தில் வாலஸ் சபைன் என்று ஒரு இயற்பியல் ஆசிரியர். 1895இல் அங்கே புதிதாகக் கட்டிய ஒரு விரிவுரை மண்டபத்தில் பேசினால் ஒன்றுமே புரியவில்லை. ஒரு சொல் சொன்னால் அந்த ஒலி ஐந்தரை வினாடி அறைக்குள் சுற்றிக்கொண்டிருந்தது. இவரிடம் சரி செய்யச் சொன்னார்கள். இவர் பக்கத்து அரங்கிலிருந்து இருக்கை மெத்தைகளை ராத்திரி ராத்திரியாகத் தூக்கிவந்து அடுக்கி, எத்தனை மெத்தைக்கு எவ்வளவு குறைகிறது என்று அளந்தார். விடிவதற்குள் மெத்தைகளைத் திருப்பி வைத்துவிட வேண்டும். அவர் உறிஞ்சுதலை அளக்கப் பிடித்த அளவுகோல் எது தெரியுமா? திறந்த ஜன்னல். திறந்த ஜன்னலின் மேல் விழுகிற சத்தம் திரும்பி வருவதில்லை. ஆகையால் முழுக்க உறிஞ்சும் பொருளுக்கு அதுதான் உதாரணம்.

இதில் கவனிக்க வேண்டியது ஒன்று. மெத்தையோ ஜன்னலோ, தன் மேல் வந்து விழுகிற ஒலியைத்தான் எடுத்துக்கொள்ளும். அறை முழுக்க உள்ள சத்தத்தை ஒரு மூலையில் உட்கார்ந்துகொண்டு காந்தம் மாதிரி இழுக்காது. டிபன் பாக்ஸ் அளவுப் பெட்டி, அதன் மேல் எவ்வளவு விழுமோ அவ்வளவுதான். அதுவும் இந்தப் பெட்டி வழுவழுவென்ற பிளாஸ்டிக். விழுந்ததையும் திருப்பித்தான் அனுப்பும்.

சரி, எண்ண அலை? அந்த வீடியோக்காரர் மூளைக்குள் மின் அலை இருப்பதை விஞ்ஞானிகளே ஒத்துக்கொண்டார்கள் என்று சொன்னார். பாதி உண்மை. ஹான்ஸ் பெர்கர் என்ற ஜெர்மன் மனநல மருத்துவர் 1924இல் மனித மூளையின் மின் அலைகளை முதன்முதலில் பதிவு செய்தார். 1929இல் கட்டுரையாக வெளியிட்டார். இன்று இ.இ.ஜி. என்று எடுக்கிறார்களே, அதுதான். இதில் வேடிக்கை என்னவென்றால் அவர் தேடிப் போனது வேறு. இளம் வயதில் ராணுவப் பயிற்சியில் இருந்தபோது குதிரையிலிருந்து விழுந்து, பீரங்கி வண்டிச் சக்கரத்தில் சிக்காமல் மயிரிழையில் தப்பினார். அன்றைக்கே ஊரில் இருந்த அக்காவுக்கு ஏதோ மனசு பதறி, அப்பாவை விட்டுத் தந்தி கொடுக்கச் சொல்லியிருக்கிறார். ஒருவர் மனம் தூரத்தில் இருக்கும் இன்னொருவரை எப்படித் தொடுகிறது என்று கண்டுபிடிக்கத்தான் பெர்கர் மருத்துவமே படிக்கப் போனார். கிடைத்தது என்னவோ மிக மிக மெல்லிய மின்சாரம். தலையின் தோலில் அளந்தால், ஒரு வோல்ட்டைப் பத்து லட்சம் பங்காக்கி அதில் சில பத்துப் பங்குதான் தேறும். பசை தடவிக் கம்பியைத் தலையிலேயே ஒட்டி, பெருக்கிப் பார்த்தால்தான் கோடு விழும். அது சுவரைத் தாண்டி அடுத்த வீட்டுக்குப் போய் யாரையும் கெடுக்காது. எதிர்வீட்டுக்காரரின் பொறாமை அலை உங்கள் பிள்ளையின் தூக்கத்தைக் கெடுக்கிறது என்று யாராவது சொன்னால், அதன் ஒரே விளைவு நீங்கள் எதிர்வீட்டுக்காரரோடு பேசுவதை நிறுத்துவதுதான். நம் சொந்தத்தில் அதுவும் நடந்தது.

பிரித்த பெட்டியை மேசைமேல் பரப்பிவைத்துப் பார்த்துக்கொண்டிருந்தபோது எனக்கு வேறொரு டப்பா ஞாபகம் வந்தது. அன்றிலிருந்து சரியாகத் தூக்கமில்லை.

1998 என்று நினைவு. அஞ்சாம் வகுப்பு. ஒலி பாடம் முடிந்த மறுநாள், "இதுவரை உலகத்தில் இல்லாத ஒரு கருவியைக் கற்பனை செய்து படம் வரைந்து வாருங்கள்" என்று சொன்னேன். பறக்கும் சைக்கிள் வந்தது. வீட்டுப்பாடம் எழுதும் பேனா மூன்று பேரிடமிருந்து வந்தது. ஆடு மேய்க்கும் ரோபோ வரைந்தவன் இன்று இதைப் படித்துச் சிரித்துக்கொண்டிருப்பான் என்று எனக்குத் தெரியும். ஒரு பெண் பிள்ளை மட்டும் அரிசிப் படி மாதிரி ஒன்றை வரைந்து, அதன் இரண்டு பக்கமும் முறம் முறமாகக் காது வைத்திருந்தாள். பெயர்: சத்தம் குடிக்கும் டப்பா. மேலே மூன்று ஓட்டை. ஒன்றுக்கு அப்பா சத்தம் என்று எழுதியிருந்தாள். அடுத்ததற்கு அம்மா அழுகிற சத்தம். மூன்றாவதற்கு, "அம்மா மனசுக்குள்ள பேசுற சத்தம்."

நான் என்ன செய்தேன்? "மனசுக்குள்ள பேசுறது ஒலி இல்ல, கண்ணு. காத்து அதிர்ந்தாத்தான் ஒலி" என்று திருத்தினேன். சிவப்பு மையில் அடித்தேன். பத்துக்கு ஆறு போட்டேன். "எனக்குக் கேக்குது டீச்சர்" என்றாள். "அதெல்லாம் கேக்காது, உக்காரு" என்றேன்.

அந்த வருடம் மாசி மாதத்தில் அந்த அம்மா கிணற்றில் விழுந்தார். மோட்டார் போட வந்த பக்கத்துத் தோட்டத்துக்காரர் பார்த்துக் கயிறு விட்டதால் உயிர் பிழைத்தார். பள்ளிக்கூடத்துக்குச் செய்தி வந்தபோது எனக்கு அந்த மூன்றாவது ஓட்டைதான் கண்முன் நின்றது. பிள்ளை என்னிடம் அறிவியல் கேள்வி கேட்கவில்லை. வீட்டில் நடப்பதைச் சொல்லியிருக்கிறாள். யாரிடமும் சொல்ல முடியாததை ஒரு படத்தில் மூன்று ஓட்டை போட்டுச் சொல்லியிருக்கிறாள். நான் அதற்கு மார்க் போட்டேன்.

அதன் பிறகு நானும் எங்கள் தலைமை ஆசிரியரும் அந்த வீட்டுக்குப் போனோம். அந்த மனிதரின் அண்ணனையும் கூட்டிக்கொண்டு போனோம், அவர் பேச்சுக்குத்தான் இவர் கொஞ்சம் கட்டுப்படுவார். தெருவில் எல்லோருக்கும் எல்லாம் தெரிந்திருந்தது. தினமும் ராத்திரி அந்தச் சத்தம் திறந்த ஜன்னல் வழியாக வெளியே வந்துகொண்டுதான் இருந்தது, அவரவர் தங்கள் வீட்டு ஜன்னலைச் சாத்திக்கொண்டார்கள். "புருஷன் பொண்டாட்டி சண்டை, நாம எதுக்கு" என்பதுதான் எல்லோரும் சொன்னது. அன்று அண்ணன் திட்டினார், தலைமை ஆசிரியர் பொறுமையாகப் பேசினார், நான் அந்தப் படத்தைக் காட்டினேன். அவர் அதை ரொம்ப நேரம் பார்த்தார். அவர் திருந்திவிட்டார் என்று எழுத எனக்கும் ஆசைதான். குடி நிற்கவில்லை. ஆனால் கை நீட்டுவது நின்றது, சத்தம் குறைந்தது. பக்கத்து வீட்டு அம்மா ராத்திரிகளில் திண்ணையில் வந்து உட்கார ஆரம்பித்தார். அந்தப் பிள்ளையின் அம்மா இன்று மகளோடு திருப்பூரில் இருக்கிறார். படம் என்னிடம் இல்லை. வீடு மாறும்போது பழைய பேப்பரோடு போட்டுவிட்டேன். போன வாரம் அவளிடம் போனில் சொல்லி மன்னிப்புக் கேட்டேன். "ஆறு மார்க்குக்கா டீச்சர்?" என்று சிரித்தாள்.

என் கருத்து இதுதான், கோபம் வந்தால் வந்துவிட்டுப் போகட்டும். இந்தப் பெட்டி விற்கிறவர்கள் பறித்துக்கொள்வது 12,500 ரூபாயை மட்டும் அல்ல. சத்தத்துக்கு ஒரு சொந்தக்காரன் இருக்கிறான் என்கிற நினைப்பையே பறித்துவிடுகிறார்கள். "அலை" என்று சொல்லிவிட்டால் போதும், அது எங்கிருந்தோ வருகிறது, யாரும் காரணம் இல்லை, யாரிடமும் போய்ப் பேச வேண்டாம், பிளக்கில் சொருகினால் போதும். அந்த அஞ்சாம் வகுப்புப் பிள்ளை அப்படிச் செய்யவில்லை. ஒவ்வொரு ஓட்டைக்கும் மேலே அது யாருடைய சத்தம் என்று எழுதிவைத்தாள்.

மைக் செட் விஷயமும் இப்படித்தான். நான் சாமி கும்பிடுகிறவள், திருவிழா வேண்டாம் என்று சொல்லவில்லை. ஆனால் விதி என்று ஒன்று இருக்கிறது. 2000ஆம் ஆண்டின் ஒலி மாசு விதிகளின்படி குடியிருப்புப் பகுதியில் பகலில் 55 டெசிபல், இரவில் 45. பள்ளிக்கூடம், மருத்துவமனை, நீதிமன்றம் இவற்றைச் சுற்றி 100 மீட்டரை அமைதிப் பகுதியாக அரசு அறிவிக்கலாம். இரவு 10 முதல் காலை 6 வரை வெளியில் ஒலிபெருக்கி கூடாது. திருவிழாவுக்கென்று அரசு தளர்த்தலாம், அதுவும் நள்ளிரவு 12 வரைதான், வருடத்துக்கு 15 நாளுக்கு மேல் இல்லை. நம் ஊர்களில் நடப்பது உங்களுக்கே தெரியும். 85 டெசிபல் சத்தத்தில் 8 மணி நேரம் இருக்கலாம் என்பது வேலையிடங்களுக்குச் சொல்லும் கணக்கு. 3 டெசிபல் ஏற ஏற நேரம் பாதியாகும். 100 டெசிபல் என்றால் கால் மணி நேரம்தான். காதுக்குள் ஒவ்வொரு பக்கமும் ஏறத்தாழ 15,000 நுண்மயிர் செல்கள் இருக்கின்றன. செத்தால் திரும்ப முளைக்காது. எனக்கு வலது காதில் சில வருடமாக ஓயாத ரீங்காரம். 30 வருட வகுப்பறை ஒரு காரணம் என்றால், எங்கள் பள்ளிக்கூடத்து வேப்பமரத்தில் கட்டிய குழாய் இன்னொரு காரணம்.

ஒரு முறை ஆண்டுத் தேர்வு நேரத்தில் அந்தக் குழாய் நேராக வகுப்பறையைப் பார்த்துக் கட்டப்பட்டிருந்தது. ஆசிரியர்கள் எல்லோரும் நாள் முழுக்கத் திட்டித் தீர்த்தோம். மூன்றாம் நாள்தான் எனக்கு உறைத்தது, மைக் செட்காரப் பையன் என் மாணவன். போய்ச் சொன்னேன். ஏணி வைத்து ஏறிக் குழாயை வயல் பக்கம் திருப்பிவிட்டு, "மொத நாளே சொல்லியிருக்கலாமே டீச்சர்" என்றான். எல்லா இடத்திலும் இவ்வளவு சுலபமாக நடக்காது என்பதும் தெரியும். வேறொரு வருடம் விழாக் கமிட்டியில் போய்ச் சொன்னதற்கு எனக்குக் கிடைத்த மரியாதையை இங்கே எழுத விரும்பவில்லை.

பையனின் குரல்களுக்கு வருகிறேன். அதற்கும் சொந்தக்காரன் உண்டு. எதிர்வீட்டுக்காரர் இல்லை, செய்வினை இல்லை. நோய். மூளையில் வருகிற ஒரு நோய், சர்க்கரை மாதிரி, ரத்த அழுத்தம் மாதிரி. மருந்து இருக்கிறது. எவ்வளவு சீக்கிரம் ஆரம்பிக்கிறோமோ அவ்வளவு நல்லது. 2001 ஆகஸ்ட் 6ஆம் தேதி ஏர்வாடியில் நடந்தது உங்களில் பெரியவர்களுக்கு ஞாபகம் இருக்கும். மனநலக் காப்பகம் என்ற பெயரில் நடந்த கொட்டகையில் தீப்பிடித்தது. சங்கிலியில் கட்டிப் போட்டிருந்ததால் ஓட முடியாமல் 28 பேர் செத்துப்போனார்கள். அவர்களை அங்கே கொண்டுபோய் விட்டவர்களும் நம்மை மாதிரிக் குடும்பங்கள்தான். கெட்டவர்கள் இல்லை. காற்று, கருப்பு, அலை, ஏதோ ஒன்று என்று நம்பியவர்கள்.

தை மாதம் நாலாம் தேதி பையனை மாவட்டத் தலைமை அரசு மருத்துவமனைக்குக் கூட்டிப்போனோம். மனநலப் பிரிவு தனியாக இருக்கிறது. மாத்திரைக்குக் காசு வாங்கவில்லை. டாக்டரம்மா முக்கால் மணி நேரம் அவனோடு பேசினார். கேட்டார் என்று சொல்வதுதான் சரி. "குரல் என்ன சொல்லுது, தம்பி?" என்று கேட்டார். எங்கள் வீட்டில் ஒருவர்கூட அவனிடம் அதுவரை அதைக் கேட்டதில்லை. "அதெல்லாம் கேக்காது" என்றுதான் எல்லோரும் சொல்லியிருக்கிறோம். 1998இல் நான் சொன்ன அதே வார்த்தை.

இப்போது ராத்திரி ஐந்து ஆறு மணி நேரம் தூங்குகிறான். குரல் இன்னும் முழுதாகப் போகவில்லை, தூரமாகப் போயிருக்கிறது என்கிறான். மாத்திரையால் கொஞ்சம் மந்தமாக இருக்கிறான், உடம்பு போட்டிருக்கிறது. டாக்டர் மாற்றிப் பார்க்கலாம் என்றிருக்கிறார். நீங்களாக நிறுத்தச் சொல்லி அவன் அம்மாவுக்கு யோசனை சொல்லாதீர்கள். முக்கியமாக நம் பெரியவர்கள் சிலருக்குத்தான் இதைச் சொல்கிறேன், யார் என்று அவர்களுக்கே தெரியும்.

உங்கள் வீட்டில் யாருக்காவது இப்படி இருந்தால், நேரில் போகத் தயக்கமாக இருந்தால், டெலி மானஸ் என்று அரசாங்கத்தின் இலவச எண் இருக்கிறது: 14416. இரவு பகல் எந்த நேரமும் கூப்பிடலாம், தமிழில் பேசலாம். என்னையும் கூப்பிடலாம். இடது காதில் வைத்துக் கேட்பேன்.

குடும்பக் குழுவில் அந்த வீடியோவுக்கு நான் போட்ட கைகூப்பும் பொம்மையை அழித்துவிட்டேன். மற்றவர்களும் போய் அழித்துவிடுங்கள். வீடியோ அனுப்பியவர் மேல் எனக்குக் கோபம் இல்லை, அவருக்கும் யாரோ அனுப்பியதுதான்.

பையனைப் பார்க்கப் போக வேண்டும் என்று நினைக்கிறவர்கள் ஒருவர் இருவராகப் போங்கள், கூட்டம் அவனுக்கு ஆகாது. விபூதி, தாயத்து, பெட்டி எதுவும் எடுத்துப் போக வேண்டாம். கேரம் போர்டு நன்றாக ஆடுவான். ஞாயிற்றுக்கிழமை நான் போகிறேன்.